ஒரு குரங்கின் பல் சொன்ன அரசியல்

பதிவு கொஞ்சம் நீளம். நேரம் கிடைக்கும்போது நிதானமாகப் படியுங்கள்.

இரண்டு அரசுகள் நட்பாக இருந்தன என்பதை நாம் எப்படித் தெரிந்துகொள்கிறோம்? கல்வெட்டு, செப்பேடு, நாணயம், பயணிகளின் குறிப்பு என்று வகுப்பில் வரிசையாகச் சொல்வீர்கள். இவை எதுவுமே இல்லாத இடத்தில் என்ன செய்வது? மெக்சிகோவில் இந்தக் கேள்விக்கு ஒரு சிலந்திக் குரங்கின் எலும்புக்கூடு பதில் சொல்லியிருக்கிறது.

மெக்சிகோ நகரத்துக்கு வடகிழக்கே சுமார் 50 கிலோமீட்டரில் தியோதிவாகான் என்ற பழைய நகரம் இருக்கிறது. கடல் மட்டத்திலிருந்து ஏறத்தாழ 2,300 மீட்டர் உயரம். செழித்திருந்த நாளில் அங்கே ஒரு லட்சம் பேருக்கு மேல் வாழ்ந்திருக்கிறார்கள். பிரமாண்டமான சூரியப் பிரமிடும் சந்திரப் பிரமிடும் இன்றும் நிற்கின்றன. ஆனால் அதைக் கட்டியவர்கள், நம்மால் வாசிக்க முடிந்த வரலாறு எதையும் விட்டுச் செல்லவில்லை.

அங்கே ‘தூண்களின் சதுக்கம்’ என்ற வளாகத்தைத் தோண்டியபோது, 2018-ல், நவா சுகியாமா என்ற தொல்லியலாளரின் குழுவுக்கு அந்த எலும்புக்கூடு முழுமையாகக் கிடைத்தது. பெண் குரங்கு. இறந்தபோது வயது 5 முதல் 8. காலம் கி.பி. 250-க்கும் 300-க்கும் இடையில். நம் பக்கம் பல்லவர்கள் தலையெடுக்கத் தொடங்கிய காலம் என்று வைத்துக்கொள்ளுங்கள். கைகள் பின்புறமாகக் கட்டப்பட்டிருந்தன, கால்களும் கட்டப்பட்டிருந்தன. உயிரோடு புதைத்திருக்கிறார்கள் என்று தெரிகிறது. கூடவே ஒரு பொன்னிறக் கழுகும் சில சலங்கைப் பாம்புகளும் பலியிடப்பட்டிருந்தன.

அந்தக் குளிர்ந்த மேட்டு நிலம் சிலந்திக் குரங்கின் ஊர் அல்ல என்பதுதான் இதில் முக்கியம். தெற்கு மெக்சிகோவிலிருந்து பனாமா வரை பரந்த ஈரக் காடுகளே அதன் வீடு. நீண்டு மெலிந்த கைகால்களால் அதற்கு அந்தப் பெயர். கையில் கட்டைவிரல் இல்லை. வால்தான் ஐந்தாவது கை. அதன் நுனியின் அடிப்பக்கத்தில் முடியில்லாத தோல், நம் உள்ளங்கைபோலக் கிளையைப் பற்றிக்கொள்ளும். பழுத்த பழமே முக்கிய உணவு. உயர்ந்த மரங்களை விட்டு அதிகம் இறங்காது.

அந்தக் காடுகளில் பெரும்பகுதி மாயா மக்களின் நாடு. அவர்களின் பெருநகரமான திக்கால், தியோதிவாகானிலிருந்து சுமார் 1,000 கிலோமீட்டர். அக்காலத்து அமெரிக்காவில் குதிரை இல்லை, மாட்டுவண்டியும் இல்லை. எந்தப் பொருளானாலும் மனிதர்கள் நடந்தே சுமக்க வேண்டும். உயிருள்ள குரங்கு என்றால் வழியெல்லாம் தீனி போட்டுக் காப்பாற்றியும் ஆக வேண்டும்.

பல்லிலும் எலும்பிலும் தங்கிய வேதித் தடயங்களைக் கொண்டு ஆய்வாளர்கள் அதன் வாழ்க்கையையே வாசித்துவிட்டார்கள். முதலில் ஈரமான காட்டில் செடிகொடி, கிழங்குகளைத் தின்றிருக்கிறது. பிறகு மனிதர் கொடுத்த மக்காச்சோளமும் மிளகாயும். (நம் குழம்பு மிளகாயின் பூர்வீகமும் அந்த மண்தான்!) குறைந்தது இரண்டு ஆண்டுகளாவது சிறையில் இருந்திருக்கிறது. கணக்குப் போட்டுப் பாருங்கள், பிடிபட்டபோது அதற்கு ஆறு வயதைத் தாண்டியிருக்க முடியாது.

2022-ல் வெளியான ஆய்வின் முடிவு இது: மாயா பிரபுக்கள் தியோதிவாகானுக்கு அனுப்பிய ராஜதந்திரப் பரிசு இந்தக் குரங்கு. அதே புதையலில் இருந்த பச்சைக்கல் பொருள்களில் குவாத்தமாலாவின் மோத்தாகுவா பள்ளத்தாக்கு ஜேடும் உண்டு. வளாகத்தில் மாயா பாணிச் சுவரோவியங்களும் இருந்தன. அரிய விலங்கை அனுப்பி நட்புத் தேடுவது உலகம் முழுக்க இருந்த வழக்கம்தான். 1414-ல் வங்காள சுல்தான் சீனப் பேரரசருக்கு ஒட்டகச்சிவிங்கி அனுப்பவில்லையா?

அந்த நட்பு என்ன ஆனது? கி.பி. 378-ல் சியாஜ் காக் என்பவன் தியோதிவாகானின் பலத்தோடு திக்காலுக்கு வந்து சேர்ந்தான். அன்றைக்கே திக்கால் மன்னன் இறந்தான் என்று மாயா கல்வெட்டுகள் தேதியோடு சொல்கின்றன. அடுத்த ஆண்டு புதிய மன்னன் பட்டத்துக்கு வந்தான். தியோதிவாகானில் இருந்த மாயா பாணி ஓவியங்களோ உடைத்து நொறுக்கிப் புதைக்கப்பட்டன. கல்வெட்டுகளை மட்டும் படித்தால் படையெடுப்புதான் கண்ணில் படும். அதற்கு ஒரு தலைமுறைக்கு மேல் முன்பே சமமானவர்களின் பரிசுப் பரிமாற்றம் நடந்தது என்பதற்குச் சாட்சி, கட்டிப் புதைத்த அந்தக் குரங்கு.

சிலந்திக் குரங்கு சுமார் மூன்று ஆண்டுக்கு ஒரு முறை ஒரே ஒரு குட்டிதான் ஈனும். குட்டி தாயை விட்டு அகலாது. ஆகவே இன்றும் தாயைச் சுட்டு வீழ்த்திவிட்டு, குட்டியைப் பிடித்து வீட்டில் வளர்க்க விற்கிறார்கள். காடும் சுருங்கிவிட்டது. எந்த இனத்தை மன்னர்கள் அருமையான பரிசாக மதித்தார்களோ, அந்த இனம் இன்று அழிவின் அபாயத்தில் உள்ளவற்றின் பட்டியலில் இருக்கிறது.

வரலாற்றுப் புத்தகத்தில் இத்தனை யானை, இத்தனை குதிரை அனுப்பினார் என்று வரும். எண்ணிக்கையை மனப்பாடம் செய்து மதிப்பெண் வாங்கிவிடுவோம். அந்த எண்ணிக்கையில் அடங்கிய ஒவ்வொன்றும் எங்கோ ஒரு காட்டில் தாயோடு திரிந்த உயிர். உங்கள் பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லித் தரும்போது இதையும் ஒரு வார்த்தை சேர்த்துச் சொல்லுங்கள்.