தமிழில் ஷேக்ஸ்பியர்

ஆங்கில நாடகாசிரியர் வில்லியம் ஷேக்ஸ்பியரின் (1564–1616) ஆக்கங்கள் தமிழ்நாட்டில் பாடமாகவும் மொழிபெயர்ப்பாகவும் தழுவலாகவும் திரைப்படமாகவும் புழங்கிய வரலாறு இத்தலைப்பில் அடங்கும். தேர்வுக்காக அவரைப் படித்தவர்களே பின்னர் அவரை மேடையேற்றினார்கள். தமிழ் ஷேக்ஸ்பியரின் தனித்தன்மை அதில்தான் இருக்கிறது.

தொடக்கம்

சென்னைப் பல்கலைக்கழகம் 1857 செப்டம்பர் 5 அன்று நிறுவப்பட்டது. பட்டம் பெற விரும்பியவர்கள் ஆங்கில இலக்கியம் கற்றாக வேண்டியிருந்தது. முதல் தமிழாக்கம் எது என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. விசுவநாத பிள்ளை 1870-இல் வெளியிட்டதைச் சிலர் குறிப்பிடுவர். வேணுகோபாலாச்சாரியாரின் 1874-ஆம் ஆண்டு ஆக்கத்தை வேறு சிலர் முன்வைப்பர். இரண்டும் ‘வெனிஸ் வணிகன்’ நாடகத்திலிருந்து பிறந்தவை.

வகுப்பறை

ஸ்காட்லாந்திலிருந்து 1862-இல் சென்னை வந்த வில்லியம் மில்லர், சென்னைக் கிறித்தவக் கல்லூரியின் முதல்வராக இருந்து ஷேக்ஸ்பியரைப் பாடம் நடத்தினார். நாடகங்களை வாழ்க்கைக்கும் ஒழுக்கத்துக்கும் வழிகாட்டியாகக் கண்டவர் அவர். லியர் மன்னன் கதையை இந்திய அரசியலோடு பொருத்தி 1900-இல் ஒரு நூலே எழுதினார்.

அக்கல்லூரியில் படித்த வி.கோ. சூரியநாராயண சாஸ்திரியார் (பரிதிமாற் கலைஞர், 1870–1903) அங்கேயே தமிழாசிரியராகி, 1897-இல் ‘நாடகவியல்’ என்ற இலக்கண நூலை இயற்றினார். இன்னொரு மாணவரான அ. மாதவையா ‘ஒதெல்லோ’வை ‘உதயலன் என்னும் கொற்கைச் சிங்களவன்’ ஆக்கினார். வெனிஸ் துறைமுகம் பாண்டியரின் கொற்கையானது. அந்நகருக்குப் பணிசெய்ய வந்த மூர் இனத்து வீரன் சிங்களவனானான்.

1891

இவ்வாண்டு இரண்டு வகையில் நினைவுகூரத்தக்கது. திருவனந்தபுரத்தில் தத்துவப் பேராசிரியராக இருந்த பெ. சுந்தரம் பிள்ளையின் ‘மனோன்மணீயம்’ அச்சேறியது. லிட்டன் பிரபு எழுதிய ஓர் ஆங்கிலக் கதைப்பாட்டே அதன் மூலம். அங்கம், களம் என்ற பகுப்பு ஷேக்ஸ்பியர் வழி வந்தது. இடையில் வரும் ‘சிவகாமி சரிதம்’ கோல்ட்ஸ்மித்தின் பாடலொன்றைத் தழுவியது. ‘மனோன்மணீயம்’ நடிப்பதற்கா, படிப்பதற்கா என்ற விவாதம் நெடுநாள் நடந்தது. படிப்பதற்கே என்பார் பலர்.

அதே ஆண்டு ஜூலை 1-ஆம் நாள் சென்னையில் சுகுண விலாச சபை தோன்றியது.

சுகுண விலாச சபை

இச்சபையின் காலத்தைப் பற்றித்தான் விரிவான செய்திகள் கிடைக்கின்றன. சபையை நண்பர்களோடு தொடங்கிய பம்மல் சம்பந்த முதலியார் (1873–1964), ‘நாடக மேடை நினைவுகள்’ என்ற தலைப்பில் ஆறு பாகங்கள் எழுதிவைத்ததே அதற்குக் காரணம். அவர் பெயரோடு ஒட்டியுள்ள பம்மல், பல்லாவரத்தை அடுத்துள்ள ஊர்.

சபை தொடங்கியபோது அவருக்கு வயது பதினெட்டு. ஆங்கில நாடகங்களில் பற்றுக் கொண்டிருந்த அவருக்குத் தமிழ் நாடகங்கள் மீது மதிப்பு இருக்கவில்லை. பெல்லாரி கிருஷ்ணமாச்சார்லு குழுவினர் சென்னையில் நடித்த தெலுங்கு நாடகங்களைப் பார்த்த பிறகே, தமிழிலும் இப்படிச் செய்யலாமே என்ற எண்ணம் அவருக்கு வந்தது. நடிகர்களைக் ‘கூத்தாடி’ என்று இகழ்ந்த காலம் அது. சபையிலோ வழக்கறிஞர்களும் அரசு அலுவலர்களும் ஊதியம் வாங்காமல் அரிதாரம் பூசிக்கொண்டார்கள். விடிய விடிய நடந்த நாடகம் சில மணி நேரத்துக்குள் சுருங்கியது. பாட்டு குறைந்து வசனம் ஓங்கியது. சம்பந்த முதலியாரும் வழக்கறிஞர். பின்னாளில் சிறு வழக்கு நீதிமன்ற நீதிபதி. நாயகிகளாகப் பெரும்பாலும் அவருடன் நடித்தவர் ரங்கவடிவேலு என்ற ஆண் நடிகர்.

சம்பந்த முதலியாரின் ஷேக்ஸ்பியர் தழுவல்களில் பெயர் சூட்டிய விதம் தனியே கவனிக்கத்தக்கது. ஹாம்லெட் அமலாதித்யன் ஆனான். மெக்பெத், இந்திரனுக்கு வழங்கும் பெயர்களுள் ஒன்றான ‘மகபதி’யைப் பெற்றான். வெனிஸ் வாணீபுரமாயிற்று; நாடகம் ‘வாணீபுர வணிகன்’. பிரித்தானியத் தீவின் அரசன் சிம்பலின், இன்னொரு தீவுக்கு அரசனாகி ‘சிம்மளநாதன்’ எனப்பட்டான். ஒஃபீலியாவுக்கு வைத்த பெயர் அபலை. மூலத்தின் ஓசையைச் செவியில் நிறுத்தி, கதியற்றுப் போகும் அப்பெண்ணின் நிலையையும் மூன்றே எழுத்துகளில் சொல்லிவிடும் பெயர் இது. அச்சுப் பிரதியில் பாத்திரங்களின் பட்டியலைப் படிப்பதே ஓர் இன்பம்.

தொழில்முறைக் குழுக்கள்

தொழில்முறைக் குழுக்களுக்கு நாடகம் எழுதிய சங்கரதாஸ் சுவாமிகள் (1867–1922) இயற்றியவற்றுள் ‘சிம்பலைன்’ என்ற நாடகமும் சேர்த்து எண்ணப்படுகிறது.

திரைப்படம்

அமெரிக்கரான எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய ‘அம்பிகாபதி’ (1937) படத்தின் காதல் காட்சிகளுக்கு ‘ரோமியோ ஜூலியட்’ முன்மாதிரியாக அமைந்தது. அதற்கு வசனம் எழுதியவர் இளங்கோவன். ‘ஷைலாக்’ 1940-இலும், ‘பன்னிரண்டாம் இரவு’ நாடகத்தைத் தழுவிய ‘கன்னியின் காதலி’ 1949-இலும் வந்தன. சிவாஜி கணேசன் ‘ரத்தத் திலகம்’ (1963) படத்தில் ஒதெல்லோவாகவும், ‘சொர்க்கம்’ (1970) படத்தில் சீசராகவும், ‘ராஜபார்ட் ரங்கதுரை’ (1973) படத்தில் ஹாம்லெட்டாகவும் நாடகக் காட்சிகளில் தோன்றினார். சம்பந்த முதலியாரின் ‘மனோகரா’வும் 1954-இல் மு. கருணாநிதியின் வசனத்தில் சிவாஜி நடித்த படமே. அதில் ஹாம்லெட்டின் சாயல் உண்டு என்பாரும் உண்டு.

அண்மைக்காலம்

இந்திரா பார்த்தசாரதியின் ‘இறுதி ஆட்டம்’ லியர் மன்னன் கதையை மீண்டும் சொல்கிறது. சென்னையில் 1955-இல் தொடங்கிய மெட்ராஸ் பிளேயர்ஸ் குழு ஆங்கிலத்திலேயே நாடகம் நடத்திவருகிறது.

சென்னையின் மேற்குப் புறநகரில் பூந்தமல்லி, ஆவடி வட்டாரக் கலைக் கல்லூரிகளிலும் இளங்கலை ஆங்கில இலக்கிய வகுப்புக்கு ஷேக்ஸ்பியர் இன்றும் பாடமே. குத்தம்பாக்கத்திலிருந்து பேருந்து ஏறும் மாணவி ஹாம்லெட்டை ஆங்கிலப் பாடநூலில் சந்திக்கிறாள். சம்பந்த முதலியாரின் நூல்கள் நாட்டுடைமையாகிவிட்டதால், அமலாதித்யனும் அபலையும் அவள் கையிலுள்ள செல்போனிலேயே கட்டணமின்றிக் கிடைக்கிறார்கள்.