பதினைந்து நாள்

குன்னூரிலிருந்து உதகைக்கு மலை ரயிலில் செல்பவர்கள் அரவங்காட்டைத் தாண்டியதும் கேத்திப் பள்ளத்தாக்கைக் காண்கிறார்கள். காய்கறி நிலங்கள், தேயிலைச் சரிவுகள், படுகர் ஊர்கள் என விரியும் அக்காட்சியில் எல்லைக்கோடு எதுவும் தெரிவதில்லை. சட்டத்தின் கண்ணுக்கு மட்டும் ஒரு கோடு உண்டு. இருபுறமும் உள்ள குன்னூரும் உதகையும் நகராட்சிகள். இடையில் இருக்கும் கேத்தி பேரூராட்சி. வாடகை பாக்கிக்காக வெளியேறும் நிலையில் நின்ற குடும்பத்துக்கு இந்த வேறுபாடு பெரிய வேறுபாடாக இருந்திருக்கிறது.

1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம் குத்தகைதாரருக்கு ஒரு நிவாரணம் வைத்திருக்கிறது. வாடகை செலுத்தாததால் குத்தகை பறிபோனது என்று வழக்கு வரும்போது, விசாரணை நாளில் பாக்கியை வட்டியோடும் வழக்குச் செலவோடும் செலுத்தினால் நீதிமன்றம் குத்தகையைக் காப்பாற்றலாம் என்கிறது 114ஆம் பிரிவு. இங்கிலாந்தின் சமநீதி மன்றங்கள் வளர்த்த கருத்து இது. ஆனால் பத்திரமின்றி வாய்ப்பேச்சில் மாதவாடகைக்கு இருப்பவருக்கு இதனால் பயனில்லை. அவருக்கு 106ஆம் பிரிவின் பதினைந்து நாள் அறிவிப்பே போதும். காரணம் சொல்லவும் வேண்டியதில்லை.

இரண்டாம் உலகப் போர்க்கால வீட்டுப் பஞ்சத்தில் சென்னை மாகாணத்தில் வாடகைக் கட்டுப்பாடு பிறந்தது. 1946, 1949 ஆகிய ஆண்டுகளின் சட்டங்களைத் தொடர்ந்து 1960ஆம் ஆண்டின் 18ஆம் சட்டம் வந்தது. நகராட்சிகளில் அது தானாகவே செல்லும்; கேத்தி போன்ற பேரூர்களுக்கு அரசின் தனி அறிவிக்கை வேண்டும். பாக்கி வைத்தவரையெல்லாம் அச்சட்டம் வெளியேற்றவில்லை. வேண்டுமென்றே செலுத்தத் தவறினாரா என்று கேட்டது. இல்லை என்று வாடகைக் கட்டுப்பாட்டு அலுவலர் கருதினால் பாக்கியைச் செலுத்த அவகாசம் தரலாம். செலுத்திவிட்டால் மனு தள்ளுபடியாகும். அந்த அவகாசத்தின் உச்சவரம்பும் பதினைந்து நாள்தான். ஒரு சட்டத்தில் வீட்டைக் காலிசெய்யப் பதினைந்து நாள், இன்னொன்றில் வீட்டைக் காத்துக்கொள்ளப் பதினைந்து நாள்!

'வேண்டுமென்றே' என்ற சொல்லை அளப்பது எளிதன்று. 1973இல் ஒரு விளக்கம் சேர்த்தார்கள்: இரண்டு மாத அறிவிப்புக்குப் பிறகும் பாக்கி தொடர்ந்தால் அது வேண்டுமென்றே செய்த தவறு. 1985இல் சுந்தரம் பிள்ளை எதிர் பட்டாபிராமன் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் பெரும்பான்மை இதை உறுதிசெய்தது. அறிவிப்பு அனுப்பப்படாத வழக்குகளில் மட்டும், விளைவை அறிந்தே தவறினாரா என்று நீதிமன்றம் சூழ்நிலையை ஆராயலாம் என்றது.

நீலகிரியில் இந்த ஆராய்ச்சிக்குத் தனிப் பொருளுண்டு. தொண்ணூறுகளின் இறுதியில் பசுந்தேயிலை விலை சரிந்தபோது சிறு விவசாயியின் கைவறட்சி அவரோடு நிற்கவில்லை. இலை பறிப்பவர், மளிகைக்காரர், அவர்கள் குடியிருந்த வீட்டின் சொந்தக்காரர் எனச் சங்கிலியாக இறங்கியது. அந்த வாடகையையே நம்பி வாழும் முதியவரும் இருக்கலாம் என்பதால் அவகாசத்துக்கு ஓர் எல்லை வைத்ததும் நியாயமே.

2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டம் 1960ஆம் ஆண்டுச் சட்டத்தை நீக்கியது. இப்போது கணக்கு நேரானது. இரண்டு மாத பாக்கி இருந்து, கேட்பு அறிவிப்பு கிடைத்த ஒரு மாதத்துக்குள் வட்டியோடு செலுத்தினால் வெளியேற்றம் இல்லை. ஒருமுறை நிவாரணம் பெற்றவர் பின்னர் ஓராண்டுக்குள் தொடர்ந்து இரண்டு மாதம் தவறினால் மறுபடி அது கிடைக்காது.

பதினைந்து நாள் ஒரு மாதமாகியிருக்கிறது. வழக்கும் பல்லாண்டு இழுபடாது என்று நம்பலாம். இரண்டும் நல்லவையே. ஆனால் பழைய சட்டம் குறைந்தபட்சம் சில வழக்குகளிலாவது 'ஏன் கட்ட முடியவில்லை?' என்று கேட்டது. புதிய சட்டம் 'எப்போது கட்டினாய்?' என்று மட்டுமே கேட்கிறது. கூலி நின்றுபோன ஒரு மழைக்காலத்தைப் பற்றிச் சொல்ல, குடியிருப்பவருக்கு இனி அங்கே இடமில்லை.