நட்டுவாக்காலியும் ஈரச் சாக்கும்

வறண்ட சீமைகளில் தேள் பிடிக்க எளிய வழி ஒன்று உண்டு. பொழுது சாயும் நேரத்தில் கோணிச் சாக்கை நனைத்துச் சுவரோரம் விரித்துவிட்டு, விடிந்ததும் நீளக் குச்சியால் புரட்டிப் பார்ப்பார்கள். அமெரிக்காவின் அரிசோனாவில் இன்றும் இந்த யோசனையைச் சொல்கிறார்கள். சாக்கு தேளை இழுக்கிறது என்று சொல்வது பாதி உண்மைதான். இரவில் திரிந்த தேள் விடியுமுன் ஒடுங்க இடம் தேடுகிறது. காய்ந்த மண்ணில் ஈரமும் இருட்டும் சேர்ந்த இடம் அந்தச் சாக்கின் அடி ஒன்றே. ஐரோப்பாவில் 17-ஆம் நூற்றாண்டு அறிஞர் வான் ஹெல்மான்ட், செங்கல்லில் குழி தோண்டித் துளசி இனத்து இலையை நசுக்கி வைத்து, இன்னொரு செங்கல்லால் மூடினால் தேள் உண்டாகும் என்று எழுதினார். இலையிலிருந்து உயிர் பிறப்பதாக அவர் நம்பினார். அவர் செய்யச் சொன்னதை வெயில் நாட்டில் ஒருவர் செய்திருந்தால் அடியில் ஒரு தேள் கிடைத்திருக்கவும் கூடும், செங்கல்லின் உபயத்தால். தேளை வெளியே வரவழைக்கும் வித்தைகளின் வரலாறு, என் பார்வையில், மறைவிடங்களின் வரலாறுதான். ஓரிடத்தில் தேளுக்கு எது அரிதோ அதுவே அங்கே தூண்டில். இதைச் சோதித்துப் பார்க்கத் தோதான இடம் மலேசியாவின் கேமரன் மலையிலுள்ள தானா ராத்தா.

1885-இல் வில்லியம் கேமரன் அளந்து வந்த இந்த மேட்டில், 1929-இல் ஜே. ஏ. ரஸ்ஸல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். காடு வெட்டவும் கன்று நடவும் கொழுந்து கிள்ளவும் வந்தவர்களில் தமிழர்கள் பெரும்பங்கு. 1938-இல் இந்திய அரசு மலாயாவுக்குக் கூலியாட்களை அனுப்புவதை நிறுத்தியது. அதற்கு முன் வந்தவர்கள் தமிழ்நாட்டுத் தேளையும் மனத்தில் சுமந்தே கப்பலேறியிருப்பார்கள். அந்த அச்சம் வீணானதல்ல. இந்தியச் செந்தேள் உருவில் சிறியது, நஞ்சில் கொடியது. இதயத்தையும் நுரையீரலையும் தாக்கும். மகாராஷ்டிரத்தின் மகாட் ஊரில் மருத்துவர் ஹிம்மத்ராவ் பாவஸ்கர் பிரசோசின் மாத்திரையைக் கொடுத்துப் பலன் கண்டு, 1980களில் அதை மருத்துவ உலகுக்கு எடுத்துச் சொல்லும்வரை, செந்தேள் கொட்டிய குழந்தைகள் பலர் பிழைக்கவில்லை. மலேசியக் காட்டின் பெரிய கறுப்பு நட்டுவாக்காலியோ வேறு வகை. பருத்த இடுக்கியால் இரையை நெரித்தே கொல்லக்கூடியது என்பதால் நஞ்சை அது அதிகம் நம்பியிருக்கவில்லை. கொட்டினால் வலிக்கும், வீங்கும். உயிர் போவது மிக அரிது. பருத்த இடுக்கியும் மெலிந்த வாலும் கொண்டதைவிட, மெலிந்த இடுக்கியும் தடித்த வாலும் கொண்டதற்கே அதிகம் அஞ்ச வேண்டும் என்பது பொதுவான கணக்கு. ஊரிலிருந்து வந்த கண்ணுக்கு இது தலைகீழாகத் தோன்றியிருக்கும்.

அச்சம் கடல் தாண்டலாம்; ஈரச் சாக்கு தாண்டாது. ஏறக்குறைய 1,440 மீட்டர் உயரத்தில், ஆண்டுக்கு 2,500 மில்லிமீட்டருக்கு மேல் மழை பெய்யும் தானா ராத்தாவில் நனைந்த சாக்கை விரிப்பது, மழையில் நனைந்தவனுக்குத் தண்ணீர்ப் பந்தல் வைத்த மாதிரி. அங்கே சருகு, பாசி, மட்கிய கட்டை என்று காடு முழுவதும் ஈர மறைவுதான். அங்கே அரிதானவை உலர்ந்த இடுக்கும் கொஞ்சம் சூடும். இரண்டையும் சேர்த்துக் கொடுப்பது தோட்டத் தொழிலாளர் குடியிருப்பின் விறகு அடுக்கும் அடுப்பங்கரையும். காட்டுக் கட்டையோடு தேளும் அதன் இரையான கரப்பான், சிலந்தியும் வீட்டு வாசலுக்கு வந்துவிடுகின்றன. ஆகவே லயத்து வீட்டுக்குப் பொருந்துவது தூண்டில் வைப்பதல்ல. அடுக்கைக் கலைத்து, தரையிலிருந்து உயர்த்தி, சுவரைவிட்டுத் தள்ளிப் போடுவது.

குளிர்ந்த மலையில் தேளுக்கு என்ன வேலை என்று கேட்கலாம். சமவெளியைவிடக் குறைவு என்பது சரி. ஆனால் ஆந்தீஸ் மலையில் 4,000 மீட்டருக்கு மேலும் தேள்கள் வாழ்கின்றன. குளிர் அவற்றை மந்தமாக்கும், ஒழிக்காது. மந்தமான தேள் வெளியே திரிவதைக் குறைத்து இடுக்கிலேயே கிடக்கும் என்பதால், கையால் விறகெடுப்பவருக்கு அதுவே கூடுதல் ஆபத்து. சாம்பிராணிப் புகையும் மந்திரமும் பலன் தந்ததாகச் சொல்வார்களே என்றால், புகை போடும் நாளில்தான் மூலை முடுக்கெல்லாம் கூட்டிப் பெருக்குகிறார்கள்; பெருமை எதற்குப் போக வேண்டும் என்று யோசிக்க வேண்டும். கர்நாடகத்தின் யாத்கீர் பக்கம் கந்தகூரில் நாகபஞ்சமியன்று மக்கள் குன்றேறித் தேளைக் கையில் எடுப்பதைத் தெய்வ அருள் என்கிறார்கள். அருள் இருக்கட்டும், எடுப்பது கல்லைப் புரட்டித்தான்.

தூண்டில் இடத்துக்கு இடம் மாறும் என்பதற்கு வலுவான மறுப்பு புற ஊதா விளக்கிலிருந்து வருகிறது. அந்த ஒளியில் தேளின் தோல் நீலப் பச்சையாக மின்னும் என்பது 1954-இல் அச்சில் வந்தது. 1972-இல் அரிசோனாவின் தேள் ஆய்வாளர் ஸ்டாங்கி அதைக் களக் கருவியாகப் பரிந்துரைத்தார். கள்ள நோட்டுப் பார்க்கும் சின்ன விளக்கே பக்கத்திலுள்ள தேளைக் காட்டிவிடும். வறட்சியா மழையா என்ற வேறுபாடு அதற்கு இல்லை. இருந்தும், வெளியே வந்த தேளைத்தான் விளக்கு காட்டும். விறகுக்கு அடியில் கிடப்பதைக் காட்டாது. புதிதாகத் தோலுரித்தது சரியாக மின்னவும் மின்னாது. எத்தனை தேள் என்று எண்ண அது உதவும். ஏன் வருகிறது என்று அதனிடம் கேட்க முடியாது. மறைவிடத்தை அகற்றும் வேலையை மலையில் பெருமளவு செய்து முடித்தது எரிவாயு உருளை. விறகடுப்போடு விறகு அடுக்கும் போயிற்று. சிமெண்டுத் தரையும் பூசிய சுவரும் மிச்சமிருந்த இடுக்குகளை மூடின. கொழுந்து பறிப்பவர்களில் இன்று வங்காளதேச, நேபாள, இந்தோனேசியத் தொழிலாளர்கள் பலர். பழைய பலகைக் குடியிருப்பிலோ காய்கறித் தோட்டத்துக் கொட்டகையிலோ படுப்பவர்களுக்கு, அடுக்கிய பலகைகளும் விரித்துப் போட்ட பிளாஸ்டிக் தாள்களும் விறகு அடுக்கின் இடத்தைப் பிடித்துக்கொண்டிருக்கின்றன.