நதி ஒப்பந்தமும் ஆட்சி மாற்றமும்: புடாபெஸ்ட், கொல்கத்தா, டாக்கா

1977ஆம் ஆண்டில் ஒன்றோடொன்று தொடர்பற்ற மூன்று நிகழ்வுகள் நடந்தன. ஜூன் 21 அன்று ஜோதி பாசு தலைமையிலான இடது முன்னணி அரசு கொல்கத்தாவில் பொறுப்பேற்றது. செப்டம்பர் 16 அன்று, அப்போது கம்யூனிஸ்ட் நாடுகளாக இருந்த ஹங்கேரியும் செக்கோஸ்லோவாக்கியாவும் டான்யூப் ஆற்றில் காப்சீகோவோ, நாஜ்மரோஷ் அணைகளைக் கட்டுவதற்கு புடாபெஸ்டில் ஒப்பந்தம் செய்துகொண்டன. நவம்பர் 5 அன்று இந்தியாவும் வங்கதேசமும் ஃபராக்காவில் கங்கை நீரைப் பகிர்ந்துகொள்ளும் ஐந்தாண்டு உடன்பாட்டில் டாக்காவில் கையெழுத்திட்டன.

இம்மூன்றையும் அருகருகே வைத்துப் பார்க்கும்போது ஒரு கேள்வி எழுகிறது. கம்யூனிஸ்ட் ஆட்சி முடிந்த பின், அந்த ஆட்சிக்காலத்தில் அண்டை நாட்டுடன் செய்யப்பட்ட உடன்பாடுகள் என்ன ஆகின்றன? ஐரோப்பிய வரலாற்றாய்வில் இது பழகிய கேள்வி. இந்தியாவில் இதைக் கேட்பதற்கு உகந்த களம் கொல்கத்தா.

டான்யூப் திட்டம் குறித்து ஆற்றங்கரை மக்களிடம் எவரும் கருத்துக் கேட்கவில்லை. 1980களில் ஹங்கேரியில் அத்திட்டத்துக்கு எதிராக எழுந்த சுற்றுச்சூழல் இயக்கம், ஒரு கட்சி ஆட்சிக்கு எதிரான உணர்வின் வடிகாலாகவும் ஆயிற்று. 1989இல் ஹங்கேரி பணிகளை நிறுத்தியது. 1992 மே மாதம் ஒப்பந்தத்தையே முறித்தது. அதே ஆண்டு அக்டோபரில் மறுகரையினர் தம் எல்லைக்குள்ளேயே டான்யூபைத் திருப்பிவிட்டனர். வழக்கு சர்வதேச நீதிமன்றத்துக்குச் சென்றது. அரசியல் சூழல் மாறிவிட்டது என்பது ஒப்பந்தத்தை முறிக்கப் போதிய காரணமாகாது என்று 1997 செப்டம்பர் 25 அன்று நீதிமன்றம் கூறியது. ஹங்கேரி பணிகளைக் கைவிட்டதும் தவறு, ஆற்றைத் தன்னிச்சையாகத் திருப்பியதும் தவறு, ஒப்பந்தம் இன்னும் உயிருடன் இருக்கிறது என்பதே தீர்ப்பின் சாரம். சட்டத்தில் ஒப்பந்தம் பிழைத்தது. ஆனால் நாஜ்மரோஷ் அணை எழவே இல்லை.

இனி கங்கைக்கு வருவோம். கொல்கத்தா துறைமுகத்தை மூடிவந்த வண்டலை அகற்ற, விநாடிக்கு 40,000 கன அடி வரை நீரை ஹூக்ளிக்குத் திருப்பும் நோக்கில் ஃபராக்கா தடுப்பணை 1975 ஏப்ரலில் செயல்படத் தொடங்கியது. அடுத்த ஆண்டே மௌலானா பாஷானி தலைமையில் வங்கதேச மக்கள் அணையை நோக்கி நெடும்பயணம் புறப்பட்டனர், விவகாரம் ஐ.நா. பொதுச்சபை வரை சென்றது. 1977 உடன்பாட்டின்படி, நீர் மிகவும் குறையும் ஏப்ரல் கடைசிப் பத்து நாட்களில் வங்கதேசத்துக்கு 34,500 கன அடி, இந்தியாவுக்கு 20,500 கன அடி. துறைமுகத்துக்குத் தேவை எனக் கணக்கிடப்பட்டதில் ஏறத்தாழப் பாதிதான் இது. உடன்பாடு டெல்லியின் முடிவு; இழப்பு கொல்கத்தாவின் கணக்கில் விழுந்தது. அது காலாவதியான பின் இரண்டு தற்காலிக ஏற்பாடுகள் வந்துபோயின. 1988க்குப் பிறகு எட்டு ஆண்டுகள் எந்த உடன்பாடும் இல்லை.

1996இல் நிலைமை மாறியது. அந்த நவம்பர் இறுதியில் ஜோதி பாசு டாக்கா சென்றார். அவருடைய பூர்விக ஊரான பாரோதி, டாக்காவை அடுத்த நாராயண்கஞ்ச் பகுதியில் உள்ளது. டிசம்பர் 12 அன்று தேவெ கௌடாவும் ஷேக் ஹசீனாவும் முப்பதாண்டு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டனர். நீர்வரத்து 70,000 கன அடி அல்லது அதற்குக் குறைவாக இருந்தால் இரு நாட்டுக்கும் சரிபாதி என்பது அதன் அடிப்படை. அதாவது, கோடையில் 40,000 கன அடி கிடைக்காது என்பதைத் துறைமுக நகரின் முதலமைச்சரே முன்கூட்டி ஏற்றுக்கொண்டார். அதன்பின் டாக்காவிலும் டெல்லியிலும் ஆட்சிகள் மாறின. கொல்கத்தாவில் 34 ஆண்டு இடதுசாரி ஆட்சி 2011 மே மாதம் முடிந்தது. ஒப்பந்தம் முறியவில்லை.

அதே ஆண்டு செப்டம்பரில் தீஸ்தா உடன்பாடு கையெழுத்தாகாமல் நின்றது. பிரதமர் மன்மோகன் சிங்குடன் டாக்கா செல்லவிருந்த முதலமைச்சர் மம்தா பானர்ஜி பயணத்திலிருந்து விலகினார். வடவங்கத்தின் பாசன நீர் பறிபோகும் என்பது அவரது வாதம். இதைக் கம்யூனிஸ்ட் ஆட்சிக்குப் பிந்தைய கொல்கத்தாவின் கொள்கை மாற்றம் என்று எளிதில் சொல்லிவிடலாம். ஆனால் 2015இல் நில எல்லை உடன்பாட்டுக்கு அதே முதலமைச்சர் இசைந்தார். இரு நாடுகளிலும் சிதறிக் கிடந்த 162 எல்லைத் திட்டுகளின் சிக்கல் தீர்ந்தது. ஆகவே இங்கே முடிவைத் தீர்மானித்தது சித்தாந்தமோ அதன் மறைவோ அன்று. இழப்பைச் சுமக்கப்போகிறவரின் இசைவு முதலில் பெறப்பட்டதா என்பதே முடிவைத் தீர்மானித்தது.

அரசியலமைப்பும் இந்த முரணைத் தன்னுள் வைத்திருக்கிறது. வெளிநாட்டு ஒப்பந்தம் ஒன்றியப் பட்டியலில் உள்ளது. நீர் மாநிலப் பட்டியலில் உள்ளது. 253ஆம் உறுப்பு, ஒப்பந்தத்தை நிறைவேற்றச் சட்டமியற்றும் அதிகாரத்தை நாடாளுமன்றத்துக்குத் தருகிறது; மாநிலத்தைக் கலந்தாலோசிக்கும் கடமையை அது விதிப்பதில்லை. 1974இல் கச்சத்தீவு இலங்கைக்குச் சென்ற கதையை அறிந்த தமிழ் வாசகருக்கு இந்த இடைவெளி புதிதன்று.

எனினும் 1996ஐ முன்மாதிரியாகக் கொண்டாடுவதிலும் எச்சரிக்கை வேண்டும். அன்று டெல்லியில் இருந்த ஐக்கிய முன்னணி அரசு மார்க்சிஸ்ட் கட்சியின் வெளி ஆதரவைச் சார்ந்திருந்தது. எனவே இசைவு பெறுதல் பெரும்பாலும் ஒரே அணிக்குள் நடந்த உரையாடல். மேலும், மாநில அரசின் இசைவும் மக்களின் இசைவும் ஒன்றல்ல. ஃபராக்காவுக்கு மேலே மால்டாவிலும் கீழே முர்ஷிதாபாதிலும் கங்கை கரையை அரித்துச் சென்றதில் வீடும் வயலும் இழந்தவர்கள் அந்தப் பேச்சு மேசையில் இல்லை. எல்லைக்கு அப்பால் தீஸ்தா வறண்டு தவிக்கும் ரங்பூர் உழவர்களும் 2011இல் எந்த மேசையிலும் இல்லை.

1996 ஒப்பந்தத்தின் முப்பதாண்டுக் காலம் 2026 டிசம்பரில் முடிவடைகிறது. இரு தரப்பும் இசைந்தால் மட்டுமே அதைப் புதுப்பிக்க முடியும். புதுப்பிப்புப் பேச்சு தொடங்கும் என்று 2024 ஜூனில் அறிவிக்கப்பட்ட உடனேயே, மாநிலத்தைக் கேட்கவில்லை என்ற கண்டனக் கடிதம் கொல்கத்தாவிலிருந்து பிரதமருக்குச் சென்றது. அவ்வாண்டு ஆகஸ்டில் டாக்காவிலும் ஆட்சி கவிழ்ந்தது. 1996இல் கையெழுத்திட்ட இருவரும் இன்று அதிகாரத்தில் இல்லை. அதைச் சாத்தியமாக்கிய ஜோதி பாசு 2010இலேயே மறைந்தார்.

டான்யூப் தரும் பாடம் இங்குதான் பொருந்துகிறது. ஆட்சி மாறினாலும் ஒப்பந்தம் நிற்கும் என்று நீதிமன்றம் சொல்லலாம். ஆற்றங்கரையில் வாழ்பவர் ஏற்காத ஒப்பந்தத்தை எந்த நீதிமன்றத்தாலும் நடைமுறைப்படுத்திவிட முடியாது. புதிய கங்கை ஒப்பந்தத்தில் எத்தனை கன அடி எழுதப்படும் என்பதோடு, அந்த எண் எழுதப்படும் முன் கொல்கத்தாவிலும் மால்டாவிலும் ராஜ்ஷாஹியிலும் யாரிடம் கேட்கப்பட்டது என்பதையும் வருங்கால ஆய்வாளர் தேடுவார்.