நரம்பு, கம்பி, நைலோன்: ஒரு பிள்ளையின் முதல் கிற்றார்

"விரல் காய்க்கும்வரை வலிக்கத்தான் செய்யும்." கிற்றார் பழகத் தொடங்குகிற பிள்ளை முதல் கிழமையிலேயே கேட்கிற வசனம் இது. சொல்லுறவர் மாமாவாக இருக்கலாம், வாத்தியாராக இருக்கலாம், தேவாலயப் பாடகர் குழுவில் வாசிக்கிற அண்ணாவாகவும் இருக்கலாம். எல்லாரும் நல்ல மனசோடதான் சொல்லுகினம். ரெண்டு மாசம் போக, கிற்றார் அலுமாரிக்குப் பக்கத்தில் சாத்தப்பட்டிருக்கும். "அவனுக்கு அதில நாட்டமில்லை" என்று வீட்டில் தீர்ப்பும் எழுதியாகிவிடும். ஏழு வயசில் ஒரு பிள்ளைக்கு அப்படியொரு தீர்ப்பு விழுந்தால், அதை மாத்துறது லேசில்லை.

அந்த வலி கிற்றாரோடு கூடப்பிறந்தது இல்லை. அது கிற்றாரின் வரலாற்றில் கிட்டடியில் வந்து சேர்ந்தது. பிள்ளைகளை மனசில் வைத்து வந்ததும் இல்லை.

யாழில் பூட்டியதைப் பழந்தமிழ் நரம்பு என்று சொல்லும். நாங்கள் இன்றைக்குக் கிற்றார் கம்பி என்கிறோம். ஐரோப்பாவிலும் கிற்றாருக்குப் பூட்டியது நீண்டகாலம் நரம்புதான். ஆட்டுக் குடலைக் கழுவி, கீலமாகக் கிழித்து, முறுக்கி, காயவைத்து எடுப்பார்கள். ஆங்கிலத்தில் அதன் பெயரில் பூனை இருக்கிறதே தவிர, பூனைக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. மேல்சுருதி மூன்றும் வெறும் குடல்நரம்பு. கீழ்ச்சுருதி மூன்றும் பட்டுநூலின் மேல் மெல்லிய உலோகக் கம்பி சுற்றியவை. அல்மேரியாவைச் சேர்ந்த அன்ரோனியோ டி டொரஸ் (1817 - 1892) இன்றைய கிளாசிக்கல் கிற்றாரின் வடிவத்தை ஏறக்குறைய முடிவுசெய்தவர். அவர் கிற்றார் செய்ததும் இந்த நரம்புகளுக்காகத்தான். முகப்புப் பலகை மெல்லியது. அதன் உள்ளே விசிறிபோல விரித்து ஒட்டிய சின்னச் சின்னச் சட்டங்கள். அதிர்கிற நரம்பின் நீளம் 650 மில்லிமீற்றர். இன்றும் முழு அளவுக் கிளாசிக்கல் கிற்றாருக்குப் பொது அளவு அதுதான்.

குடல்நரம்பு விரலுக்கு மெத்தென்று இருக்கும். ஆனால் விலை கூட, ஈரக் காற்றில் சுருதி மாறும், கச்சேரி நடுவில் அறும். உருக்குக் கம்பிக்கு இந்தக் கரைச்சல் இல்லை. 1890களில் அமெரிக்காவில் தபால் மூலம் பொருள் விற்கும் கொம்பனிகள் மலிவுக் கிற்றார்களைத் தூரக் கிராமங்களுக்கெல்லாம் அனுப்பத் தொடங்கின. கடையே இல்லாத ஊரில் நாளுக்கு நாள் அறுகிற நரம்பை வைத்து என்ன செய்வது? கம்பி மலிவு, உழைக்கும், சத்தமும் கூட.

அடுத்த தள்ளு ஹவாயிலிருந்து வந்தது. 1879இல் ரேவன்ஸ்கிராக் என்ற கப்பலில் மடெய்ரா தீவுப் போத்துக்கீசர் கரும்புத் தோட்ட வேலைக்காக ஹொனலூலு வந்து இறங்கினார்கள். அவர்கள் கொண்டுவந்த நாலு நரம்புச் சின்னக் கிற்றார்தான் அங்கே யூக்கலேலே ஆனது. (போத்துக்கீசர் போன இடமெல்லாம் ஒரு நரம்புவாத்தியத்தை விட்டுவிட்டுத்தான் வந்திருக்கினம். எங்கட பைலாவைக் கேட்டாலே தெரியும்.) அதே ஹவாயில், கிற்றாரை மடியில் மல்லாத்தி வைத்து, உருக்குக் கம்பிகளுக்கு மேலே உலோகத் துண்டை வழுக்கி வாசிக்கும் முறையும் உருவானது. 1915இல் சான் பிரான்சிஸ்கோவில் நடந்த பெரிய கண்காட்சிக்குப் பிறகு ஹவாய் இசை அமெரிக்கா முழுக்கப் பைத்தியமாகப் பரவியது.

கவனியுங்கள், அந்த முறையில் இடதுகை விரல் கம்பியை அமத்துறதே இல்லை, உலோகத் துண்டுதான் தொடுகிறது. உருக்குக் கம்பி பிரபலமாகக் காரணமாயிருந்த இசைகளில் ஒன்றுக்கு விரல்நுனி வலி ஒரு பிரச்சினையே இல்லை!

1833இல் ஜேர்மனியிலிருந்து நியூயோர்க் வந்த கிறிஸ்ரியன் பிரெட்ரிக் மார்ட்டின் தொடங்கிய கொம்பனி, ஏறத்தாழ 90 வருசம் அடிப்படையில் குடல்நரம்புக் கிற்றார்தான் செய்தது. 1922இல் அவர்களின் 2-17 என்ற மலிவு வகை, உருக்குக் கம்பியோடு வழமையாக வெளிவந்தது. பிறகு மற்ற வகைகளும் வரிசையாக மாறின. கம்பி மாறினால் பெட்டியும் மாறவேணும். நைலோன் நரம்பு ஆறும் சேர்ந்து இழுக்கும் பாரம் ஏறத்தாழ 38 கிலோ. சாதாரண உருக்குக் கம்பித் தொகுதி 70 கிலோவுக்கு மேல் இழுக்கும். அதைத் தாங்க, உள்ளே பெருக்கல் குறிபோலக் குறுக்குச் சட்டம் வேணும், கழுத்துக்குள் பலமும் வேணும். மார்ட்டின் 1916இல் வேறொரு கொம்பனிக்காகச் செய்து, 1931இலிருந்து தன் பெயரில் விற்ற பெருத்த உடம்புக் கிற்றாருக்கு வைத்த பெயர் ட்ரெட்நோட். பிரித்தானியப் போர்க்கப்பல் ஒன்றின் பெயர் அது. பாட்டுக்காரனின் குரலுக்குப் பின்னால், மண்டபத்தின் கடைசி வாங்கு வரை கேட்கவேணும் என்று வந்த உடம்பு. இன்றைக்குக் "கிற்றார்" என்றதும் எங்கள் கண்ணில் நிற்கிற வடிவமும் இதுதான். அந்தப் போர்க்கப்பலைத்தான் ஏழு வயசுப் பிள்ளையின் மடியில் தூக்கி வைக்கிறோம்.

கிளாசிக்கல்காரர்கள் மட்டும் குடலை விடவில்லை. பிறகு யுத்தம் வந்தது. காயம் தைக்கிற நூலும் அதே குடல்தான் என்பதால், இரண்டாம் உலகப்போரில் குடல்நரம்பு சத்திரசிகிச்சைக்குப் போய்விட்டது. ஸ்பானிய மேதை அந்திரே செகோவியாவுக்கே நல்ல நரம்பு கிடைக்கவில்லை. மற்றப் பக்கம், டூபொன்ட் கொம்பனியில் வலஸ் கரொதர்ஸ் 1935இல் உருவாக்கிய நைலோன் 1938இல் உலகத்துக்கு அறிவிக்கப்பட்டு, முதலில் பல்துலக்கித் தும்பாகவும் 1940இல் பெண்களின் காலுறையாகவும் வந்திருந்தது. யுத்தத்தில் அதுவும் பரசூட்டுக்குப் போனது. நியூயோர்க்கில் கிற்றார் செய்துகொண்டிருந்த அல்பேர்ட் அகஸ்டீன் அந்த நைலோனை எடுத்து நரம்பாக்கிப் பார்த்தார். செகோவியா வாசித்துச் சரிபிழை சொன்னார். 1940களின் கடைசியில் நைலோன் நரம்பு சந்தைக்கு வந்தது. கீழ்ச்சுருதிகளில் பட்டுநூல் இருந்த இடத்தை நைலோன் இழை எடுத்தது. சில வருசத்துக்குள் குடல்நரம்பு அநேகமாகக் காணாமலே போய்விட்டது.

குடலின் மென்மை, கம்பியின் மலிவு, இரண்டும் ஒன்றில். பிள்ளையின் விரலுக்கு இதைவிட ஏற்றது வேறில்லை. ஆனாலும் மேடைக்காரர் வாசிக்கிற கம்பிக் கிற்றார்தான் "உண்மையான" கிற்றார், நைலோன் விளையாட்டுச் சாமான் என்று ஒரு எண்ணம் எங்களிடம் இருக்கு. செகோவியா கேட்டால் சிரிப்பார்.

ஆகவே வாங்கப் போகிறவர்களுக்கு: நைலோன் வாங்குங்கள். பிள்ளை நாலைந்து வருசம் வாசித்து, தானே கம்பிச் சத்தம் வேணும் என்று கேட்டால் அப்போது பார்க்கலாம். கம்பி ஆசையில் நைலோன் கிற்றாரில் உருக்குக் கம்பியைப் பூட்டிவிடாதீர்கள். டொரஸ் வழிவந்த மெல்லிய பலகை இரட்டைப் பாரத்தைத் தாங்காது. பலகை வயிறு வைக்கும், நரம்பு கட்டும் பாலம் பேர்ந்து வரும்.

அளவு அடுத்தது. கடையில் கால், அரை, முக்கால் என்பார்கள். வயலினிலிருந்து வந்த பேச்சு இது, கணக்குப் பார்த்து வைத்ததில்லை. முக்கால் என்பது 580 மில்லிமீற்றர் அளவிலும், அரை 530 அளவிலும், கால் 480 அளவிலும் இருக்கும். கொம்பனிக்குக் கொம்பனி மாறும். அண்ணளவாக ஐந்து வயசுக்குக் கால், ஏழு எட்டுக்கு அரை, பத்துக்கு முக்கால். வயசைவிடப் பிள்ளையைப் பாருங்கள்: இருந்து பிடிக்கும்போது வலது தோள் மேலே தூக்கக்கூடாது, இடது முழங்கை மடிந்தபடியே முதல் கட்டைத் தொடவேணும். "வளர்ந்தபிறகும் வாசிக்கட்டும்" என்று பெரிசாக வாங்குவது, வளருவான் என்று பெரிய சப்பாத்து வாங்குகிற மாதிரி. அதைப் போட்டு ஓடேலாது.

வலிக்கு இன்னொரு காரணமும் உண்டு, அதைக் கம்பிமேல் பழிபோட்டு விட்டுவிடுகிறோம். நரம்பை மூன்றாம் கட்டில் அமத்திக்கொண்டு முதலாம் கட்டுக்கு மேலே பாருங்கள். அங்கே ஒரு கடதாசி நுழைகிற இடைவெளி போதும். அதைவிட உயரமாக நின்றால் தலைப்பக்கத்துக் கட்டையின் வெட்டுகளை ஆழமாக்கவேணும். வாத்தியம் திருத்துகிறவருக்குப் பத்து நிமிச வேலை. மலிவுக் கிற்றாரில் இது அடிக்கடி உயரமாகத்தான் இருக்கும்.

நரம்பு வாங்கும்போது ஒரு கணக்கு. ஒரே நரம்பை ஒரே சுருதியில் நிறுத்தினால், இழுவை நீளத்தின் வர்க்கத்தோடு குறையும். 480ஐ 650ஆல் பிரித்து வர்க்கம் எடுத்தால் 0.55. அதாவது பெரிய கிற்றாருக்கான 38 கிலோ நரம்புத் தொகுதி கால் அளவில் 21 கிலோதான் இழுக்கும். நரம்பு தொய்ந்து, கட்டில் அடித்து இரையும். பிள்ளை சரியாக அமத்தியும் சத்தம் அசிங்கமாக வந்தால், பிழை தன்னில் என்றுதான் அது நினைக்கும். சின்ன அளவுக்கென்று வருகிற நரம்பு கிடைத்தால் அதை வாங்குங்கள், இல்லாவிட்டால் கூடின இழுவை நரம்பு.

அதுவும் கிடைக்காவிட்டால் பழைய வியன்னாவின் வழி இருக்கிறது. 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே ரேர்ஸ் கிற்றார் என்று ஒரு சின்னக் கிற்றார் இருந்தது. சாதாரணக் கிற்றாரைவிட மூன்று அரைச்சுருதி மேலே நிற்கும். மௌரோ ஜூலியானி தன் மூன்றாவது கொன்சேர்ட்டோவையே அதற்காகத்தான் எழுதினார். கால் அளவுக் கிற்றாரையும் அப்படி மூன்று அரைச்சுருதி ஏற்றிவிட்டால் தொய்வு குறையும். படிப்பிக்கிறவர் தன் பெரிய கிற்றாரின் மூன்றாம் கட்டில் ஒரு கப்போவைப் பூட்டினால் போதும், ரெண்டுபேரும் ஒரே விரல்பிடியில் ஒன்றாக வாசிக்கலாம்.