துருசும் பிசனைட்டும்: மயில்கழுத்து நீலத்துக்கு ஒரு மறுவாசிப்பு

துருசு அல்லது மயில்துத்தம் என்ற சரக்குக்கு நேராக இன்றைய குணபாட விளக்கங்களில் ஒரே பொருள்தான் இருக்கிறது: ஐந்து நீர்மூலக்கூறுகளோடு படிகமாகும் செம்புச் சல்பேட்டு. கனிமவியல் பெயரும் வேண்டும் என்பவர்கள் கால்கந்தைட் என்று சேர்த்துக்கொள்கிறார்கள். இந்தச் சமன்பாட்டுக்கு அறிவியல் அதிகாரம் தேடித் தந்தவர்களில் முதன்மையானவர் பிரபுல்ல சந்திர ரே. இந்திய வேதியியல் வரலாற்றை எழுதி 1902-இல் முதல் தொகுதியை வெளியிட்ட அவர், ரசரத்தினசமுச்சயம் கூறும் சஸ்யகம் நீலத் துத்தமே என்று எடுத்துக்கொண்டார். சஸ்யகமும் மயூரதுத்தமும் ஒன்று, மயூரதுத்தமும் தமிழ் மயில்துத்தமும் ஒன்று என்ற தொடரில் அந்த முடிவு தமிழ் மருத்துவத்துக்கும் வந்து சேர்ந்தது. ரே சொன்னது முழுத் தவறு என்பது என் வாதமன்று. அந்நூல் உயர்ந்த தரத்துக்குச் சொன்ன அடையாளத்தை அவர் சரக்கு முழுவதற்குமான இலக்கணமாக வாசித்துவிட்டார். தொழிற்சாலைச் சரக்கு வருவதற்கு முன் அந்தப் பெயரால் வழங்கியது செம்பும் இரும்பும் பல அளவுகளில் கலந்த ஒரு சல்பேட்டு வரிசை. அந்த வரிசையின் நடுவில் நிற்கும் அரிய கனிமத்துக்கு ஐரோப்பிய அறிவியலே ஒரு காலத்தில் பிசனைட் என்று தனிப்பெயர் கொடுத்து, பிறகு அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டது.

ரேயின் வாசிப்பு வியப்பளிப்பதற்குத் தனிக் காரணம் உண்டு. 1887-இல் எடின்பரோ பல்கலைக்கழகத்தில் அவர் முனைவர் பட்டம் பெற்ற ஆய்வேடு, செம்பு–மக்னீசிய வகுப்பைச் சேர்ந்த இணைசல்பேட்டுகளைப் பற்றியது. ஒரேவடிவக் கலப்புகளும் மூலக்கூற்றுச் சேர்க்கைகளும்தான் அதன் பொருள். இரண்டு உலோகச் சல்பேட்டுகள் ஒரே கரைசலிலிருந்து தனித்தனியே பிரியாமல் ஒரே படிகத்துக்குள் இடம் பகிர்ந்துகொள்ளும் என்பது அவர் கையாண்டு பழகிய உண்மை. அவருக்கு எழுபது ஆண்டு முன்பே, 1817-இல், பிரெஞ்சுக் கனிமவியலாளர் பூதான் துத்தங்களைக் கலந்து படிகமாக்கிப் பார்த்து, சிறிதளவு இரும்புத் துத்தம் சேர்ந்தாலே படிகம் இரும்பின் வடிவை எடுத்துக்கொள்வதைக் காட்டியிருந்தார். இவ்வளவும் அறிந்தவர் பழைய நூலைத் திறந்தபோது மட்டும் தூய பொருளை ஏன் தேடினார்? நூல் எழுந்த சூழலில் விடை இருக்கிறது. வரலாற்றை எழுதும்படி அவரைத் தூண்டியவர் பாரிஸின் பெர்தலோ. நூலின் முதல் வாசகர்கள் ஐரோப்பிய வேதியியலார். இந்தியரும் பொருள்களைப் பிரித்தறிந்து பெயரிட்டார்கள் என்று அவர்களுக்கு நிறுவ வேண்டுமானால், ஒவ்வொரு வடமொழிப் பெயருக்கும் எதிரே ஒரு திட்டமான வேதிப்பெயர் வைத்தாக வேண்டும். ‘செம்போடு இரும்பும் கலந்த, அளவு மாறக்கூடிய ஏதோ ஒன்று’ என்று எழுதியிருந்தால் பழைய ஏளனத்துக்கே தீனி போட்டதாக முடிந்திருக்கும். அந்தக் காலத்து நெருக்கடி நமக்குப் புரிகிறது. அதனால் அவருடைய முடிவு இன்றும் நம்மைக் கட்டுப்படுத்த வேண்டியதில்லை.

பிசனைட்டின் கதை சுருக்கமானது. கான்ஸ்டான்டினோபிளில் பிறந்து பாரிஸில் தொழில் நடத்திய வேதியியலாளரும் கனிம வணிகருமான பெலிக்ஸ் பிசானி, துருக்கியிலிருந்து வந்த நீலப்பச்சைச் சல்பேட்டு ஒன்றைப் பகுத்து, அதில் இரும்பும் செம்பும் சேர்ந்திருப்பதைக் கண்டார். 1860-இல் கென்காட் அதற்குப் பிசானியின் பெயரையே இட்டார். அதன் படிகக் கட்டமைப்பு, ஏழு நீர்மூலக்கூறு கொண்ட இரும்புத் துத்தமான மெலான்டரைட்டின் கட்டமைப்பேதான்; இரும்பின் இடங்களில் ஒரு பகுதியைச் செம்பு பிடித்துக்கொண்டிருக்கிறது. அதே கட்டமைப்பில் செம்பே மேலோங்கி நிற்கும் கனிமத்தைக் கலிபோர்னியாவில் கண்டு, 1903-இல் ஷாலர் பூத்தைட் என்று பெயரிட்டார். பின்னாளில் எந்த உலோகம் மிகுதியோ அதன்படியே பெயர் என்ற விதி நிலைபெற்றதும், நடுவில் நின்ற பிசனைட்டுக்கு இடமில்லாமல் போயிற்று. இன்று அது ‘செம்பு கலந்த மெலான்டரைட்’ மட்டுமே. பெயர் போனாலும் வேறுபாடு போகவில்லை. 1963-இல் ஜாம்போரும் டிரெயிலும் காட்டியபடி, தூய மெலான்டரைட் உலர்ந்தால் ரோசனைட் ஆகிறது. செம்பு கலந்தது உலர்ந்தால், கால்கந்தைட்டின் கட்டமைப்பையே கொண்ட சிடரோடில் ஆகிறது. கலப்பு என்று ஒதுக்கப்பட்ட பொருள் தன் நடத்தையில் தனித்தன்மை காட்டத்தான் செய்கிறது.

இனி ரசரத்தினசமுச்சயம். அதன் காலத்தைப் பதின்மூன்றாம் நூற்றாண்டு முதல் பதினாறாம் நூற்றாண்டு வரை அறிஞர்கள் பலவாறு குறித்திருக்கிறார்கள். இந்த வாதத்துக்கு எந்த நூற்றாண்டானாலும் சரி. சஸ்யகம் பற்றிய பகுதியில், மயிலின் கழுத்து நிறமும் மிகுந்த கனமும் உடையதே சிறந்தது என்று நூல் சொல்கிறது. ரே நிறத்தைப் பற்றிக்கொண்டார். கனத்தைக் கடந்து போய்விட்டார். அதிலும், ‘சிறந்தது’ என்று சொல்வதே மற்றவையும் அதே பெயரால் புழங்கின என்பதற்குச் சான்று. ஒரே தூய பொருள் மட்டும் இருந்திருந்தால் அதில் கனமானது, கனமில்லாதது என்று தரம் பிரிக்க எதுவும் இல்லை. அழுக்கும் மண்ணும் சேர்ந்ததை விலக்கத்தான் அப்படிச் சொன்னார்கள் என்பது எதிர்பார்க்கக்கூடிய மறுப்பு. ஆனால் மண் சேர்ந்தால் இந்தச் சரக்கின் கனம் குறையாது, கூடும். சாதாரண மணலும் களிமண்ணும் துத்தப் படிகத்தைவிட அடர்ந்தவை. கனத்தைக் குறைக்கக்கூடிய கலப்பு எது என்று கேட்டால், கையில் இருப்பது இரும்புத் துத்தம்தான். கால்கந்தைட்டின் அடர்த்தி ஏறக்குறைய 2.28, மெலான்டரைட்டுக்கு ஏறக்குறைய 1.9. ஐந்தில் ஒரு பங்கு வேறுபாடு, ஒரே அளவுள்ள இரண்டு கட்டிகளை இரு கையிலும் ஏந்திப் பார்த்தால் தெரியக்கூடியது. நிறம் பச்சைக்குச் சாயச் சாயக் கனமும் குறையும். நிறத்தையும் கனத்தையும் ஒரே தொடரில் கோத்துச் சொன்னவர், ஒரு முனையில் நீலமும் மறுமுனையில் பச்சையுமாக நீளும் வரிசை ஒன்றைக் கையாண்டு பழகியவராகவே இருக்க வேண்டும்.

இதற்கு எதிராக வைக்கக்கூடிய வலுவான சான்றும் அதே நூலில் இருக்கிறது. ரே அதைத்தான் பெரிதாக நம்பினார். சஸ்யகத்தோடு கால் பங்கு வெங்காரம் சேர்த்து, புங்கெண்ணெயில் ஊறவைத்து, மூடிய மூசையில் கரித்தீயில் ஊதினால், இந்திரகோபம் என்ற பட்டுப்பூச்சியின் செந்நிறத்தில் சத்து இறங்கும் என்கிறது நூல். சிவந்த சத்து செம்பு. ஆகவே மூலப்பொருள் செம்புச் சல்பேட்டு. முதற்பகுதியில் ஐயமில்லை. ஆனால் வெங்காரத்தை எதற்காகச் சேர்த்தார்கள்? உருகிய வெங்காரம் உலோக ஆக்சைடுகளைக் கரைத்து உள்வாங்கிக்கொள்ளும். செம்பின் ஆக்சைடு எளிதில் ஒடுங்கி உலோகமாகிவிடும். இரும்பின் ஆக்சைடு அவ்வளவு எளிதில் ஒடுங்காது, கசடோடு போய்விடும். எண்ணெய் கருகித் தரும் சிறிதளவு கரி, செம்பை விடுவிக்கப் போதும். கால் பங்கோ அரைப் பங்கோ இரும்பு கலந்திருந்த சரக்கை இந்த முறையில் ஊதினாலும் மூசையின் அடியில் சிவந்த குண்டுதான் கிடைக்கும், கொஞ்சம் சிறியதாக. இந்தச் சோதனை செம்பு இருப்பதைக் காட்டும். இரும்பு இல்லை என்பதைக் காட்டாது. ஆய்வகத்தில் பயின்றவர் இதைக் கவனித்திருக்க வேண்டும்.

வெளியுலகிலும் இதே மயக்கம் நடந்திருக்கிறது. ஸ்பெயினின் கிணற்று நீரைக் காய்ச்சித் தொட்டிகளில் ஊற்றி, அவற்றில் கயிறுகளைத் தொங்கவிட்டு எடுத்த, கண்ணாடி போன்ற நீலப் பொருளைப் பிளினி கால்கந்தம் என்று விவரிக்கிறார். ரோமானியர் அதைச் செருப்புத் தைப்போர் தோலுக்குக் கறுப்பேற்றப் பயன்படுத்திய சரக்கு என்றே அழைத்தார்கள் என்றும் சொல்கிறார். பதனிட்ட தோல் கறுப்பது, தோலில் ஊறிய துவர்ப்பும் இரும்பும் சேர்வதால். செம்பு மட்டும் அந்தக் கறுப்பைத் தராது. நம்மூரில் கடுக்காயும் அன்னபேதி என்ற இரும்புத் துத்தமும் சேர்த்து மை காய்ச்சியவர்களுக்கு இது விளக்கமில்லாமலே தெரியும். ஆக, பிளினியின் நீலப் பொருளில் இரும்பு கணிசமாக இருந்தது. 1853-இல் கோபெல் அந்தப் பழைய பெயரை எடுத்துத் தூய செம்புத் துத்தத்துக்குக் கால்கந்தைட் என்று சூட்டினார். அதற்கு முன் 1832-இல், செருப்புக் கறுப்பைக் குறித்த இன்னொரு கிரேக்கப் பெயரிலிருந்து இரும்புத் துத்தத்துக்கு மெலான்டரைட் என்று பெயர் வைத்தவர் வேறு யாருமல்லர், கலப்புப் படிகங்களை ஆராய்ந்த பூதான்தான். பழையவர்கள் ஒன்றாகப் புழங்கியதை இரண்டாக வெட்டி இரு முனைகளுக்கும் பெயர் வைத்தாயிற்று. நடு மட்டும் 1860 வரை பெயரின்றிக் கிடந்தது. ரே செய்ததும் இதே வெட்டு.

சஸ்யகத்தின் பிறப்பைப் பற்றி ரசரத்தினசமுச்சயம் ஒரு புராணமும் சொல்கிறது: ஆலகால நஞ்சைக் குடித்து, பின் அமுதமும் குடித்த கருடன் மரகத மலையில் கக்கியது இறுகி சஸ்யகமாயிற்று. கக்கல் என்பது வெறுங்கற்பனையன்று. செம்புத் துத்தம் வாந்தி உண்டாக்கும் மருந்தாகவே நெடுங்காலம் பயன்பட்டது. எனக்கு முக்கியமாகப் படுவது மலையின் பெயர். நீலச் சரக்கைப் பச்சை மலையில் ஏன் பிறக்க வைக்க வேண்டும்? செம்புத் தாது வெளியில் படிந்து பச்சையேறிய பாறைச் சரிவை நினைத்திருக்கலாம் என்பது ஒரு விளக்கம். இரும்பும் செம்பும் சேர்ந்த சல்பைடுத் தாதுக்கள் மழைநீரில் சிதைந்து, சரிவில் பச்சையாகப் படிந்து, ஒதுங்கிய இடங்களில் நீலமாக இறுகுவதை நேரில் கண்டவர்களின் நினைவு என்பது இன்னொன்று. இரண்டாவதையே நான் ஏற்கிறேன். ஏனெனில் நூல் பேசுவது பாறையைப் பற்றியல்ல, ஈரமாக வெளிப்பட்டுப் பின் இறுகிய ஒன்றைப் பற்றி. கதைக்குள்ளிருந்து கனிமவியலைப் பிழிகிறேன் என்ற குற்றச்சாட்டு வரும். வரட்டும், நஞ்சும் அமுதும் கலந்து பிறந்தது என்ற கதையை, ஒரே தூய பொருளுக்கு எழுதிய கதையாக வாசிப்பதற்கு இதைவிட அதிகமாகப் பிழிய வேண்டியிருக்கும்.

சரக்கு வந்த வழியைப் பார்த்தால் ஊகத்துக்கு அவ்வளவு வேலையில்லை. தமிழகத்தின் தென்கோடியில் இந்த வைத்தியம் வழங்கிவந்த குழித்துறைச் சுற்றுவட்டாரத்தை எடுத்துக்கொண்டால், அது சார்னகைட்டும் கொண்டலைட்டும் கொண்ட நிலம். மணவாளக்குறிச்சிக் கடற்கரையில் இல்மனைட்டும் மோனசைட்டும் கிடைக்கும், செம்புத் தாது கிடைக்காது. குழித்துறையைத் தொட்டு ஓடும் ஆற்றுக்குத் தாமிரபரணி என்று பெயர் இருப்பதால் மலையில் செம்பு உண்டென்று கொள்ளப் பாறைகள் இடம் தருவதில்லை. ஆகவே வைத்தியர் கையில் இருந்த துருசு அங்காடிச் சரக்கு, தொலைவிலிருந்து வந்தது. இந்தியாவில் துத்தம் எடுத்த இடங்களில் நன்கு பதிவான ஒன்று ராஜஸ்தானத்தின் கேத்ரி–சிங்கானா பகுதி. செம்புச் சுரங்கத்தின் சிதைந்த பலகைக்கல் கழிவை நீரில் ஊறவைத்துக் காய்ச்சி, நீலத் துத்தம், அன்னபேதி, படிகாரம் மூன்றையும் அங்கே எடுத்தார்கள். வாலன்டைன் பால் 1881-இல் இந்தியப் பொருளாதார நிலவியல் பற்றிய தொகுதியில் இத்தொழிலைக் குறித்திருக்கிறார். ஒரே ஊறல் நீரில் இரும்பும் செம்பும் இருக்க, அடுத்தடுத்த ஈடுகளில் எடுத்த படிகங்களில் முதல் ஈடும் கடை ஈடும் ஒரே கலப்பளவில் இருக்க முடியாது. ரேயின் நூலுக்கு இருபது ஆண்டு முன்பே அச்சான செய்தி இது.

இன்று குழித்துறை அடங்கிய விளவங்கோடு வட்டாரத்தில் துருசு என்றால் மருந்துக்கடையைவிட உரக்கடைதான் முதலில் நினைவுக்கு வரும். மழைக்காலத்துக்கு முன் ரப்பர் இலையுதிர்வு நோய்க்கும் பாக்குக் குலையழுகலுக்கும் துருசும் சுண்ணாம்பும் கரைத்துத் தெளிக்கும் போர்டோ கலவை, பிரான்சில் 1885-இல் மில்லார்தே வெளியிட்ட முறை. 1956 வரை திருவிதாங்கூரோடும் பின் திரு-கொச்சியோடும் இருந்த இந்த நிலத்தில் தமிழும் மலையாளமும் அதே சொல்லைத்தான் புழங்குகின்றன. தோட்டத்துக்கு வரும் துருசு தொழிற்சாலையில் செம்பையும் கந்தக அமிலத்தையும் கொண்டு ஆக்கியது. அது கால்கந்தைட்டின் அமைப்புத்தான், அதில் வழக்கில்லை. முஞ்சிறைச் சித்த மருத்துவக் கல்லூரியின் மாணவருக்கும் பக்கத்து ரப்பர் தோட்டக்காரருக்கும் கிடைப்பது ஒரே பொருள் என்பதால், ஏட்டில் உள்ள துருசும் அதுவே என்று தோன்றுவது இயல்பு. அங்காடித் துருசைப் பகுத்துத் தூய செம்புச் சல்பேட்டு என்று இன்று காட்டுவது இன்றைய உற்பத்தி முறைக்குத்தான் சான்று. ஏடுகளின் காலத்துக்குச் சான்றாகாது. தொழிற்சாலைச் சரக்குக்கான இந்த மாற்றம் எந்த ஆண்டில் முழுமையாயிற்று என்று ஒரு தேதி குறிப்பதும் பொருந்தாது. மருந்துக்கு வந்த சரக்கும் தோட்டத்துக்கு வந்த சரக்கும் ஒரே நாளில் மாறியிருக்க வேண்டியதில்லை.

என் வாதத்துக்கு எதிரான கடினமான சான்று சுசுருதத்தில் இருக்கிறது. ஊஷகாதி கணம் என்ற மருந்துத் தொகுதியில் காசீசம் இரண்டும் துத்தமும் தனித்தனியே எண்ணப்பட்டிருக்கின்றன. இரும்புத் துத்தத்தையும் செம்புத் துத்தத்தையும் பழையவர்கள் பிரித்தே அறிந்தார்கள் என்று அதிலிருந்து வாதிடலாம். இரண்டாவது காசீசம் செம்பு கலந்த நடுப்பொருள்தான் என்று சொல்லிவிட்டால் எனக்கு வசதி. ஆனால் புஷ்பகாசீசம் என்ற பிற்காலப் பெயர், காற்றில் உலர்ந்து வெளிறிப் பூத்த இரும்புத் துத்தத்துக்கே நன்றாகப் பொருந்துகிறது; அந்த வசதியை விட்டுவிடுகிறேன். பிரித்து அறிந்தார்கள் என்பதை ஏற்பதால் எல்லைக்கோடு எங்கே விழுந்தது என்பது முடிவாகிவிடாது. பசுமை தூக்கிய ஒரு கட்டியைக் காசீசத்தில் வைப்பதா துத்தத்தில் வைப்பதா என்று கண்ணும் கையும் தீர்மானித்த காலத்தில், அந்தக் கோடு கடைக்குக் கடை நகர்ந்திருக்கும். அமரகோசமோ மயில்கழுத்து நிறத் துத்தத்துக்கு அடுத்தபடியாகவே கர்ப்பரியையும் வைக்கிறது. கர்ப்பரி துத்தநாகத் தாதுவானால், இந்த வரிசையில் மூன்றாவது உலோகமும் நுழையக்கூடும். இரண்டும் கண்ணுக்கிடும் மருந்துகள் என்பதால் மட்டும் அருகருகே வைத்திருக்கவும் கூடும். இந்த இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க அகராதி வரிசை மட்டும் போதாது. பழைய சரக்கையே சோதிப்பதானால் வழி எளிது. தொழிற்சாலைக் காலத்துக்கு முந்தைய துருசுத் துண்டு ஒன்று பழைய வைத்தியச்சாலைப் பெட்டியில் எஞ்சியிருந்தால், அதன் கரைசலில் கடுக்காய்க் கஷாயம் சில துளி விட்டுக் காற்றாட வைக்கலாம். நீலக்கறுப்பு ஏறினால் இரும்பு இருந்தது. ஏறாவிட்டால் அந்தத் துண்டின் அளவில் ரே சொன்னதே சரி.