இணையக் கேமராவும் அந்தரங்கமும்

வீட்டையோ கடையையோ வெளியூரிலிருந்து செல்பேசியில் பார்க்க உதவும் கண்காணிப்புக் கருவி இணையக் கேமரா. காவலுக்கு வாங்கிய கருவியே வீட்டைக் காட்டிக்கொடுக்கும் என்பதற்கு அமெரிக்காவின் டிரெண்ட்நெட் நிறுவன வழக்கு முக்கியச் சான்று.

அந்நிறுவனக் கேமராக்களின் மென்பொருளில் ஒரு குறை இருந்தது. உரிமையாளர் கடவுச்சொல் வைத்திருந்தாலும், கேமராவின் இணைய முகவரி தெரிந்த எவரும் உள்ளே பார்க்க முடிந்தது. 2012 ஜனவரியில் ஏறக்குறைய 700 கேமராக்களின் நேரலை இணைப்புகள் பொதுவெளிக்கு வந்தன. தொட்டிலில் உறங்கும் குழந்தைகள், விளையாடும் சிறுவர்கள், அன்றாட வேலையிலிருந்த பெரியவர்கள் என எல்லாரும் முன்பின் தெரியாதவர் கண்ணில் பட்டனர். இவை ‘பாதுகாப்பானவை’ என்று விளம்பரப்படுத்தி விற்கப்பட்டவை என்பதுதான் கொடுமை.

2013 செப்டம்பரில் அமெரிக்கக் கூட்டாட்சி வணிக ஆணையம் நிறுவனத்துடன் உடன்பாடு கண்டது. 20 ஆண்டுகளுக்கு, இரண்டாண்டுக்கு ஒருமுறை வெளியார் தணிக்கை கட்டாயமானது, அபராதம் இல்லை. இணையத்துடன் இணைந்த வீட்டுப் பொருள்கள் குறித்து ஆணையம் எடுத்த முதல் நடவடிக்கை இதுவே.

கடவுச்சொல் மட்டும் போதாது. கேமரா வைத்திருப்போர் அதன் மென்பொருளைத் தவறாமல் புதுப்பிக்க வேண்டும். படுக்கையறையில் அதை வைக்கவே கூடாது.